அத்தா உன்னையல்லால்

மேடையில் வீற்றிருக்கும் சேகர குரு ஐயா அவர்களே, வாடகை வாங்காமல் அரங்கைத் தந்த தலைமையாசிரியை அம்மா அவர்களே, எனக்கு முன் பேசி என் நேரத்திலும் கொஞ்சம் எடுத்துக்கொண்ட பேராசிரியர் அவர்களே, பாடகர் குழுப் பிள்ளைகளே, வணக்கம். இந்த வெயிலிலும் சால்வை போர்த்திய மூப்பருக்குத் தனி நன்றி.

நம் கிறிஸ்தவக் கீர்த்தனை 'சத்தாய் நிஷ்களமாய்' பற்றி மூன்று செய்தி: எழுதியவர், சொல், ராகம்.

எழுதியவர் எச்.ஏ. கிருஷ்ண பிள்ளை. 1827இல் திருநெல்வேலிச் சீமை கரையிருப்பில் வைணவக் குடும்பத்தில் பிறந்தவர். சாயர்புரத்தில் தமிழாசிரியராக இருந்தார். 1858இல் சென்னையில் ஞானஸ்நானம் பெற்றார். பெயரோடு ஹென்றி ஆல்பிரட் சேர்ந்தது. நாக்கில் இருந்த தமிழ் அப்படியே நின்றது. சித்திரமும் கைப்பழக்கம், செந்தமிழும் நாப்பழக்கம்.

சரி, சொல்லுக்கு வருவோம். சத்து என்றால் என்றுமுள்ள உண்மை, சித்து என்றால் அறிவு. சத்து, சித்து, ஆனந்தம் என்று வேதாந்திகள் பரம்பொருளுக்குச் சொன்னதை எடுத்து, 'சித்தாய் ஆனந்தமாய்த் திகழ்கின்ற திரித்துவமே' என்று பிதா, சுதன், பரிசுத்த ஆவியான நம் கடவுளைப் பாடிவிட்டார். முடிவில் 'அத்தா உன்னையல்லால் எனக்கு ஆர்துணை யாருறவே'. திருமழபாடியில் சுந்தரர் 'அன்னே உன்னையல்லால் இனி யாரை நினைக்கேனே' என்றாரே, அந்த ஓசை கேட்கவில்லையா? இதைச் சொன்னால் சிலர் முகம் சுளிக்கிறார்கள். சுளிக்கட்டும்.

போன வருஷம் ஒரு கோயிலில் ஆராதனை. ஊர் எது என்று கேட்காதீர்கள், சம்பந்தி ஊர். இந்தப் பாட்டைத்தான் எடுத்தார்கள். வரிகளெல்லாம் திரையில். கீபோர்டு, டிரம்ஸ், எல்லாம் உண்டு. முதல் சரணம் முடிந்ததும் கரண்டு போனது. திரை இருண்டது. கீபோர்டு ஊமை. முந்நூறு பேர் வாயைத் திறந்தபடி நிற்கிறோம், நானும்தான், மறைப்பானேன்? அப்புறம் பின்னால் மணிக்கயிற்றுப் பக்கமிருந்து ஒரு கரகரத்த குரல், 'எம்மாவிக்குருகி...' என்று எடுத்தது. பார்த்தால் கோயிலைப் பெருக்கி மணியடிக்கும் கோயில்குட்டியார்! தோளில் துண்டு, கையில் துடைப்பம். ஒரு சொல் தப்பாமல் கடைசிச் சரணம் வரை பாடினார். என் பக்கத்தில் நின்ற பாட்டியம்மா கண்ணை மூடிக்கொண்டு கூடவே பாடினார். எங்களைப் போன்ற படித்தவர்கள் 'யாருறவே' வரும்போது மட்டும் சேர்ந்துகொண்டோம். செந்தமிழும் நாப்பழக்கம் ஐயா!

ஆகவே இந்தச் சபையிடம் ஒரே கோரிக்கை. மாதம் ஒரு ஞாயிறு திரையை அணையுங்கள். ஓய்வுநாள் பள்ளியில் மாதம் ஒரு கீர்த்தனை, பொருளோடு மனப்பாடம். தலைமையாசிரியை அம்மா தலையசைக்கிறார், எல்லோரும் சாட்சி.

குருவானவர் கடிகாரம் பார்க்கிறார். ராகம் பாக்கி. அதைப் பாடகர் குழுவே பாடிக் காட்டட்டும். பிள்ளைகளே, தாளைக் கீழே வைத்துவிட்டுப் பாடுங்கள்.