மூன்று மஞ்சள்

நேயர்களுக்கு வணக்கம்.

குழம்பு கொதித்து அடுப்பில் வழியும்போது பார்த்திருப்பீர்கள். அதுவரை நீலமாக எரிந்த கேஸ் சுடர் சட்டென்று மஞ்சளாகிவிடும். குழம்பில் உள்ள உப்பு செய்கிற வேலை அது. அதே வீட்டில் அந்தியில் ஏற்றுகிற குத்துவிளக்கின் சுடரும் மஞ்சள்தான். இந்த இரண்டு மஞ்சளும் வேறு வேறு என்று கண்ணால் பார்த்துக் கண்டுபிடிப்பது கடினம். ஆனால் வேறு வேறுதான். கும்பகோணம் பக்கம் 30 வருஷம் இயற்பியல் சொல்லிக்கொடுத்தவன் நான். பாடத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் எதுவென்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

வீட்டில் பழைய சி.டி. ஒன்று கிடந்தால் எடுத்துக்கொள்ளுங்கள். அதில் ஒரு மில்லிமீட்டருக்குச் சுமார் 625 தடங்கள் நெருக்கமாக ஓடுகின்றன. ஒளி அதன் மேல் சாய்ந்து விழுந்தால் நிறம் நிறமாகப் பிரிந்துவிடும். 1666இல் நியூட்டன் முப்பட்டகக் கண்ணாடியை வைத்துச் செய்ததை இந்தத் தட்டு தன் வழியில் செய்கிறது. விளக்கை அணைத்த அறையில், குத்துவிளக்குச் சுடரை அந்தத் தட்டில் சாய்த்துப் பாருங்கள். ஊதாவில் தொடங்கி நீலம், பச்சை, மஞ்சள், சிவப்பு என்று எங்கும் அறுபடாமல் ஒரே பட்டையாகத் தெரியும். இதைத்தான் தொடர் நிறமாலை என்கிறோம். அப்புறம் ஸ்பிரிட் விளக்கின் திரியில் உப்புத் தண்ணீரைத் தொட்டுவைத்து அதையும் பாருங்கள். பட்டை இருக்காது. ஒரே ஒரு மஞ்சள் சுடர்தான் தெளிவாக நிற்கும், இரண்டு பக்கமும் ஏறக்குறைய இருட்டு. இதற்கு வெளியிடு நிறமாலை என்று பெயர்.

என் வகுப்பில் திருபுவனத்து நெசவுக் குடும்பத்துப் பெண் ஒருத்தி படித்தாள். இந்தப் பாடம் நடந்த அன்று அரக்கு, பச்சை, நீலம், மாம்பழ மஞ்சள் என்று நான்கு பட்டு நூல் கண்டுகள் கொண்டுவந்திருந்தாள். ஜன்னல்களை அடைத்துவிட்டு உப்புச் சுடரை மட்டும் ஏற்றினோம். மாம்பழ மஞ்சள் மட்டும் பளிச்சென்று தெரிந்தது. மற்ற மூன்றும் கருஞ்சாம்பல். எது அரக்கு, எது நீலம் என்று அவளாலேயே சொல்ல முடியவில்லை. பிறந்ததிலிருந்து பட்டு நூலோடு வளர்ந்த பிள்ளை அது. பக்கத்துப் பெண்ணின் நெற்றியில் இருந்த குங்குமம் கறுப்பாகத் தெரிந்தபோது வகுப்பே மூச்சு விடவில்லை. விழுகிற ஒளியில் சிவப்பு இல்லையென்றால் குங்குமம் எதைத் திருப்பி அனுப்பும்? அங்கேயே குத்துவிளக்கை ஏற்றியதும் எல்லா நிறமும் திரும்பி வந்தது.

சரி, ஏன் இப்படி? கண்மை எடுப்பதை நினைத்துக்கொள்ளுங்கள். விளக்குச் சுடரின் மேல் தட்டைக் கவிழ்த்தால் கரி படியும். அந்தக் கரிதான் சுடருக்குள் இருக்கும்போது, மிகச் சிறிய துகள்களாகச் சூடேறி ஒளிர்கிறது. கரித்துகள் திடப்பொருள். அதில் அணுக்கள் ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு இருக்கின்றன. உப்புச் சுடரில் இருப்பதோ ஆவியாகித் தனித்தனியாக மிதக்கிற சோடியம் அணுக்கள்.

தனி அணுவைக் காவிரிப் படித்துறை என்று வைத்துக்கொள்ளலாம். அணுவுக்குள் இருக்கிற எலக்ட்ரான் என்னும் நுண்துகள் ஒரு படியில் நிற்கலாம், அடுத்த படியில் நிற்கலாம். இரண்டு படிகளுக்கு நடுவே நிற்க முடியாது. சூட்டில் மேல் படிக்கு ஏறிய எலக்ட்ரான் கீழ்ப் படிக்கு இறங்கும்போது, அந்த உயர வித்தியாசம் எவ்வளவோ அவ்வளவு ஆற்றல் ஒளியாக வெளியே வரும். சோடியத்தின் படி இறக்கத்துக்கு மஞ்சள்தான் கணக்கு: 589 நானோமீட்டர் அலைநீளம் (ஒரு மில்லிமீட்டரில் பத்து லட்சத்தில் ஒரு பங்குதான் நானோமீட்டர்). நல்ல கருவியில் பார்த்தால் 589.0, 589.6 என்று இரண்டு மெல்லிய ஒளிக்கோடுகள், அதாவது வரிகள், ஒட்டி நிற்பது தெரியும். ஹைட்ரஜனுக்குப் படிகளின் உயரம் வேறு. அதனால் அதன் வரிகளும் வேறு: சிவப்பில் 656.3, நீலப்பச்சையில் 486.1. அணுக்கள் நெருங்கிக் கிடக்கிற கரியிலோ, சுவாமிமலைப் பட்டறையில் உருக்கி வைத்த ஐம்பொன்னிலோ, படிகள் கலைந்து மணல் கரைபோலச் சரிவாகிவிடுகின்றன. சரிவில் எந்த உயரத்திலும் நிற்கலாம், எவ்வளவு வேண்டுமானாலும் இறங்கலாம். அதனால் எல்லா நிறமும் வருகிறது.

இந்த வரிகள் பொருளுக்குப் பொருள் மாறுகிற அடையாளம் என்பதை நிலைநாட்டியவர்கள் ஜெர்மனியின் ஹைடல்பர்க் நகரில் வேலை செய்த வேதியியல் அறிஞர் புன்சனும் இயற்பியல் அறிஞர் கிர்க்காஃபும். ஆண்டு 1859, 1860. ஓர் அறையின் மூலையில் 3 மில்லிகிராம் சோடியம் உப்பை வெடிக்கச் செய்து, தூரத்தில் எரிந்த சுடரை, ஒளியை நிறம் நிறமாகப் பிரித்துக் காட்டுகிற நிறமாலைமானியில் பார்த்தார்கள். கொஞ்ச நேரத்தில் மஞ்சள் வரி வந்துவிட்டது. ஒரு மில்லிகிராமில் முப்பது லட்சத்தில் ஒரு பங்கு சோடியம்கூடத் தப்பாது என்று கணக்குப் போட்டார்கள். கடல் காற்றோடு வருகிற உப்பே காட்டிக்கொடுக்கப் போதும். வேதாரண்யம் உப்பளக் காற்றில் அந்தக் கருவியை வைத்தால் என்ன ஆகும் என்று நான் பல முறை நினைத்ததுண்டு.

மூன்றாவது மஞ்சள் சூரியனுடையது. சூரிய ஒளியின் நிறப்பட்டையில் நூற்றுக்கணக்கான கறுப்புக் கோடுகள் இருப்பதை 1814இல் ஜெர்மன் அறிஞர் பிரான்ஹோபர் அளந்து, முக்கியமானவற்றுக்கு ஏ, பி, சி, டி என்று எழுத்துகள் கொடுத்தார். மஞ்சளில் விழுந்த டி கோடு சோடியத்தின் இடத்தில் அச்சாகப் பொருந்தியது. சூரியனின் மேலடுக்கில் உள்ள சோடியம் ஆவி, உள்ளிருந்து வருகிற ஒளியில் தனக்கு உரிய மஞ்சளை மட்டும் உறிஞ்சிக்கொள்கிறது என்று கிர்க்காஃப் காட்டினார். வேதாரண்யம் உப்பில் இருக்கிற அதே சோடியம் சூரியனிலும் இருக்கிறது. அங்கே போகாமலே தெரிந்துகொண்ட செய்தி இது.

1868 ஆகஸ்ட் 18. முழு சூரிய கிரகணத்தின் பாதை நமக்கு வடக்கே, தெலுங்கு நாட்டின் வழியே போனது. தஞ்சைச் சீமையில் அது பகுதிக் கிரகணம்தான். பிரெஞ்சு அறிஞர் ஜான்சன் குண்டூரில் முகாம் போட்டிருந்தார். சென்னை வானாய்வகத்தின் போக்சன் மசூலிப்பட்டினத்தில் இருந்தார். சந்திரன் சூரியனை மறைத்ததும், விளிம்பில் எழுந்து நின்ற தீப்பிழம்புகளை நிறமாலைமானியில் பார்த்தார்கள். தொடர் பட்டை இல்லை, பளிச்சென்ற தனி வரிகள். அப்படியென்றால் அந்தப் பிழம்புகள் வெறும் வாயு. வரிகள் அவ்வளவு பிரகாசமாக இருந்ததால் ஜான்சன் மறுநாள், கிரகணம் இல்லாத சூரியனிலேயே அவற்றைத் திரும்பப் பிடித்துவிட்டார்.

அந்த வரிகளில் ஒன்று மஞ்சள். சோடியம் என்று நினைப்பதுதான் இயல்பு. ஆனால் இடம் பொருந்தவில்லை. அதே ஆண்டு அக்டோபரில் இங்கிலாந்தில் வானியல் அறிஞர் லாக்கியரும் சூரிய விளிம்பில் அந்த மஞ்சளைப் பார்த்தார். அது 587.6 நானோமீட்டர். சோடியத்திலிருந்து ஒன்றரை நானோமீட்டர் தள்ளி இருந்தது. நம் சி.டி. தட்டில் இந்த இரண்டும் ஒன்றாகவே தெரியும். அந்த ஒன்றரை நானோமீட்டரை அவர் அலட்சியம் செய்யவில்லை. பூமியில் அதுவரை யாரும் பார்க்காத தனிமம் ஒன்று சூரியனில் இருக்க வேண்டும் என்று எடுத்துக்கொண்டார். கிரேக்க மொழியில் சூரியனுக்குரிய சொல்லிலிருந்து ஹீலியம் என்று பெயர் வந்தது. ரொம்பப் பேர் நம்பவில்லை. 27 வருஷம் கழித்து, 1895இல், லண்டனில் வேதியியல் அறிஞர் ராம்சே யுரேனியம் கலந்த ஒரு கனிமத்தை அமிலத்தில் இட்டு, வந்த வாயுவைக் குழாயில் அடைத்து மின்சாரம் பாய்ச்சிப் பார்த்தார். குண்டூர் வானத்தில் தெரிந்த அதே மஞ்சள் அந்தக் குழாய்க்குள் எரிந்தது.

வீட்டில் செய்து பார்க்கிற பிள்ளைகளுக்கு ஒரே ஒரு சொல்: விளக்கு, டியூப்லைட், தெருவிளக்கு எதை வேண்டுமானாலும் தட்டில் பாருங்கள், சூரியனை மட்டும் தட்டில் பிடித்துப் பார்க்கவே வேண்டாம். ஸ்பிரிட் விளக்கைப் பெரியவர்கள் ஏற்றித் தரட்டும்.

வணக்கம்.