மேக்கால பாத்தி, கெழக்கால பாத்தி

நேயர்களுக்கு வணக்கமுங்க.

மும்முனை மின்சாரம் ராத்திரியில் வந்திருக்கிறது. கிணற்று மேட்டில் மோட்டார் பெட்டிக்குப் பக்கத்தில் ஒருத்தர் நிற்கிறார். வெங்காயத் தோட்டத்தின் கடைசியில் மம்பட்டியோடு இன்னொருத்தர் தண்ணி கட்டுகிறார். கும்மிருட்டு. மேட்டில் இருப்பவர் சத்தம் போடுகிறார்: "மாமோய்! மேக்கால நாலு பாத்தி போதுமுங்க, கெழக்கால திருப்பி உடுங்க!"

மாமன் எந்தப் பக்கம் முகம் வைத்து நிற்கிறார் என்று கூப்பிட்டவருக்குத் தெரியாது, தெரிய வேண்டியதும் இல்லை. "இடது பக்கம் திருப்புங்க" என்று சொல்லியிருந்தால், யாருடைய இடது என்ற கேள்வி வரும். எதிரெதிரே நிற்கும் இரண்டு பேருக்கு இடது ஒன்றாக இருக்காது. மாமன் குனிந்து மடையை அடைத்துவிட்டுத் திரும்பினாலே இடது வலதாகிவிடும். கிழக்கு என்றால் இரண்டு பேருக்கும், எத்தனை தடவை திரும்பினாலும், கிழக்குதான்.

மொழிக்கும் மனித வாழ்வுக்கும் என்ன உறவு என்று பேச வந்தவன் பாத்தியில் தொடங்குவதற்குக் காரணம் இருக்கிறது. விட்கென்ஸ்டைன் என்ற தத்துவ அறிஞரின் பிற்கால நூல், அவர் இறந்து இரண்டு வருடம் கழித்து, 1953இல் வெளிவந்தது. அதன் தொடக்கத்தில் ஒரு கட்டட வேலை வருகிறது. கொத்தனார் "பலகைக்கல்" என்கிறார், கையாள் அந்தக் கல்லைக் கொண்டுவந்து கொடுக்கிறார். அந்த இரண்டு பேருக்கும் அவ்வளவுதான் மொழி. ஒரு சொல்லின் பொருள் அகராதியில் உட்கார்ந்திருப்பதில்லை, அந்தச் சொல்லை வைத்து மனிதர்கள் சேர்ந்து செய்யும் காரியத்தில் இருக்கிறது என்று அவர் அங்கிருந்து வாதத்தைக் கொண்டுபோகிறார். நம் வெங்காயப் பாத்தியும் அதே இடம்தான். "கெழக்கால" என்பதன் பொருள், மாமன் மம்பட்டியால் எந்த மடையை வெட்டுகிறார் என்பதில் தெரிகிறது.

சரி, இந்தச் சொல் எங்கிருந்து வந்தது? "மொழிப்பொருட் காரணம் விழிப்பத் தோன்றா" என்பது தொல்காப்பிய நூற்பா. ஒரு சொல்லுக்கு ஏன் அந்தப் பொருள் என்ற காரணம் பளிச்சென்று தெரியாது என்கிறார். காரணமே கிடையாது என்று அவர் சொல்லவில்லை. 'விழிப்ப' என்ற அந்த ஒரு சொல்லை அழுத்திப் படிக்க வேண்டும். மேற்கு என்ற சொல்லில் காரணம் இன்றைக்கும் ஓரளவு கண்ணில் படுகிறது: மேல், கீழ். கொங்கு நாட்டில் நின்று பார்த்தால் மேற்கே வெள்ளியங்கிரி மலை. அங்கே இறங்கும் நொய்யல் கோயமுத்தூர், திருப்பூர் தாண்டிக் கிழக்கே ஓடிக் காவிரியில் சேர்கிறது. தண்ணீர் எங்கிருந்து வருகிறதோ அது மேல், எங்கே போகிறதோ அது கீழ். நிலம் சாய்ந்திருக்கும் விதமே திசைக்குப் பெயர்.

வாளையாறு தாண்டிப் பாலக்காட்டுக் கணவாய் வழியாக அந்தப்புறம் இறங்கினால் நிலம் தலைகீழ். அங்கே மலை கிழக்கில், கடல் மேற்கில். மலையாளத்தில் மேற்குக்குப் 'படிஞ்ஞாறு' என்கிறார்கள், ஞாயிறு படியும் பக்கம். மேல் என்ற சொல் அங்கே பொருந்தாது. ஆனால் கிழக்கை அவர்களும் கிழக்கு என்றுதான் சொல்கிறார்கள், அவ்வளவு உயரமான மலை அந்தப் பக்கம் நின்றும்கூட. 1856இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் எழுதிய கால்டுவெல் இதைப் பிடித்துக்கொண்டார். மலைக்குக் கிழக்கே வாழ்ந்தவர்கள்தான் அந்தச் சொல்லை அங்கே கொண்டுபோயிருக்க வேண்டும் என்று வாதித்தார். ஒரு சொல்லை மட்டும் வைத்து ஒரு மக்கள் கூட்டத்தின் நடையைச் சொல்லிவிட முடியுமா என்பது தனி விவாதம். ஆனாலும் மண் மாறிய பிறகும் பழைய மண்ணைச் சொல் சுமந்துகொண்டு போகிறது என்பதற்கு இதைவிடத் துலக்கமான சாட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

இனி முக்கியமான கேள்வி. திசை சொல்லிப் பேசுகிற மனிதர், திசை வைத்தே நினைக்கிறாரா? இதைச் சோதிக்க ஆய்வாளர்கள் ஒரு வழி வைத்திருக்கிறார்கள். வீட்டிலேயே செய்து பார்க்கலாம். இரண்டு மேசை வேண்டும், நடுவில் ஆள் நிற்க ஆறேழு அடி இடம். மாடு, ஆடு, நாய் என்று மூன்று பொம்மைகளை முதல் மேசையில் வரிசையாக, மூன்றும் ஒரே பக்கம் பார்க்கிற மாதிரி வையுங்கள். அவை வடக்கே பார்க்கின்றன, அது அவருடைய வலது கைப் பக்கம் என்று வைத்துக்கொள்வோம். நன்றாகப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டுப் பொம்மைகளை எடுத்துவிடுங்கள். அரை நிமிடம் கழித்து அவரை அப்படியே பின்பக்கம் திரும்பச் சொல்லி, இரண்டாவது மேசையில் "அதே மாதிரி வையுங்க" என்று மட்டும் சொல்லுங்கள். மறுபடியும் வலது கைப் பக்கம் பார்க்க வைத்தால் அவர் உடம்பை வைத்து நினைவு கொண்டிருக்கிறார். வடக்கே பார்க்க வைத்தால், அது இப்போது அவருக்கு இடது கைப் பக்கம், அவர் நிலத்தை வைத்து நினைவு கொண்டிருக்கிறார்.

எரிக் பீடர்சனும் உடன் ஐந்து பேரும் 1998இல் 'லாங்குவேஜ்' ஆய்விதழில் வெளியிட்ட கட்டுரையில், பல மொழிகளோடு நாட்டுப்புறத் தமிழும் இருக்கிறது. திசை சொல்லிப் பேசும் தமிழர்கள் பொம்மைகளையும் பெரும்பாலும் திசைப்படியே வைத்தார்கள். டச்சு, ஜப்பானிய மொழிக்காரர்கள் உடம்பின்படி வைத்தார்கள்.

சோதனை கெட்டுப்போகும் இடங்களும் உண்டு. "இடது", "வலது", "வடக்கு" என்ற எந்தச் சொல்லும் சோதிப்பவர் வாயிலிருந்து வரக் கூடாது, வந்தால் விடையை நீங்களே கொடுத்த மாதிரி. ஒரே தடவை செய்து முடிவு கட்டக் கூடாது, நாலைந்து தடவையாவது வேண்டும். சன்னல் வழியே கோயில் கோபுரமோ மலையோ தெரிந்தால், உடம்பை வைத்து நினைக்கிறவரும் அதை அடையாளமாகப் பிடித்துக்கொள்வார். இந்தக் கடைசிக் குறையை 2002இல் லி, கிளெய்ட்மேன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் பெரிய மறுப்பாகவே எழுதினார்கள்: இது மொழி செய்யும் வேலை இல்லை, சுற்றியுள்ள இடம் செய்யும் வேலை என்று. விவாதம் இன்னும் முடியவில்லை. மொழி ஒரு சிறை, அதற்கு வெளியே நினைக்கவே முடியாது என்பதை நான் ஏற்கவில்லை. ஆனால் நாளுக்கு நூறு தடவை "தெக்கால வெய்யி", "வடக்கால தள்ளி உக்காரு" என்று பேச வேண்டியிருந்தால், அந்த நூறு தடவையும் தெற்கு எது என்று மனசு தெரிந்து வைத்திருந்தாக வேண்டும். மொழி தருவது அந்த விழிப்பை, அந்தப் பழக்கத்தை. அதுவே பெரிது.

கிராமத்துக்காரருக்கு இடது, வலது கிடையாது என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். சோத்துக்கை, ஒரட்டாங்கை என்று உடம்புக்கு இருக்கிறது. ஏரில் வலத்து மாடு, இடத்து மாடு என்றும் இருக்கிறது. ஏர் மாட்டுக்கு ஏன் திசை ஒத்துவராது? வடக்கு முகமாக உழும்போது வலத்து மாடு கிழக்கே நிற்கும். வரப்பில் ஏரைத் திருப்பித் தெற்கு முகமாக வந்தால் அதே மாடு மேற்கே வந்துவிடும். நுகத்தில் பழகிய இடம் மட்டும் மாறாது. அங்கே சொல் மாட்டின் பழக்கத்தைப் பின்பற்றுகிறது. எது மாறாமல் நிற்கிறதோ அதைப் பிடித்துக்கொண்டு சொல் அமைகிறது. பாத்திக்கு நிலம் மாறாது, ஏருக்கு நுகம் மாறாது.

திசைச் சொல் தவறினால் காசு போகும் இடம் ஒன்று உண்டு, நிலப் பத்திரம். செக்குபந்தி, அதாவது நான்கெல்லை, விவரத்தில் இப்படி இருக்கும்: "இன்னார் பூமிக்கும் கிழக்கு, தென்வடல் வண்டித்தடத்துக்கும் மேற்கு, இதன் மத்தியில் கிழமேலடி 30, தென்வடலடி 40." நகரத்தில் வளர்ந்த பிள்ளைகள் இதைப் படித்துவிட்டு, இன்னார் பூமி நமக்குக் கிழக்கே இருக்கிறது என்று நினைக்கிறார்கள். அப்படி இல்லைங்க. அவர் பூமிக்குக் கிழக்கே இருப்பது நம் இடம், அவர் இருப்பது நமக்கு மேற்கே. பத்திரம் அக்கம்பக்கத்தில் தொடங்கி நம்மிடம் வந்து சேர்கிறது. அடுத்த தவறு, கிழமேலடியை, அதாவது கிழக்கு மேற்காக அளந்த அடியை, வாசல் அகலம் என்று எடுத்துக்கொள்வது. தடம் கிழக்கில் தென்வடலாகப் போகிறது என்றால் தடத்தைத் தொடும் பக்கம் 40 அடி, உள்வாங்கும் நீளம் 30 அடி. பரப்பு இரண்டு கணக்கிலும் 1200 சதுரடி, சுமார் இரண்டே முக்கால் சென்ட். பரப்பு சரியாக வருவதால்தான் தவறு கண்ணில் படாமல் தப்பிவிடுகிறது.

சரியான கிழக்கைக் கண்டுபிடிப்பதற்குச் சூரியன் உதிக்கும் இடத்தை மட்டும் நம்பக் கூடாது. நம் பக்கம் ஆனியில் சுமார் 24 பாகை வடக்கே தள்ளியும், மார்கழியில் அதே அளவு தெற்கே தள்ளியும் உதிக்கும். மட்டமான தரையில் மூன்றடிக் கம்பைத் தூக்குக்குண்டு பிடித்து நேராக நடுங்கள். அதைச் சுற்றி மூன்றடிக் கயிற்றால் வட்டம் போடுங்கள். காலையில் நிழல் நுனி வட்டத்தைத் தொட்டு உள்ளே வரும் இடத்தில் ஒரு முளை, சாயங்காலப் பக்கம் தொட்டு வெளியே போகும் இடத்தில் ஒரு முளை. இரண்டையும் சேர்த்துக் கயிறு கட்டினால் அது கிழமேல். நெடுநல்வாடையில் அரண்மனைக்கு மனை வகுப்பவர்கள் கோல் நட்டு நிழல் பார்த்து "நுண்ணிதின் கயிறிட்டு"த் திசை கொள்கிறார்களே, அதே காரியம்தான்.

இப்போது அலைபேசி "இடதுபுறம் திரும்பவும்" என்கிறது. ஆட்டோவில் "லெஃப்ட் எடுங்க" என்கிறோம். தெருக்கள் நெளிந்து வளைந்து போகும் ஊரில் அது வசதிதான், அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் கிணற்று மேட்டுச் சொல்லை அடுக்குமாடி வீட்டிலும் புழங்க வைக்க முடியும். படுக்கை விரிக்கும்போது "போர்வை மேக்கால அலமாரில இருக்குது கண்ணு, எடுத்துட்டு வா" என்று குழந்தையிடம் சொல்லிப் பாருங்கள். முதல் வாரம் தடுமாறும், சன்னலைப் பார்த்து வெயிலைத் தேடும். தேடட்டும், நீங்கள் கையை நீட்டிக் காட்டிவிடாதீர்கள்.

வணக்கமுங்க.