எட்டாம் எண் வீட்டில் கேட்க ஆளில்லை

நடுவர் அவர்களே, எதிரணிப் பெருமக்களே, அவையோரே, அனைவருக்கும் வணக்கம்.

'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' என்ற பிரிட்டன் தொலைக்காட்சித் தொடரின் பாத்திரமான டேவிட் பிளாட்டைப் பற்றி, "டேவிட் பிளாட்டைக் கெடுத்தது குணமா, குடும்பமா" என்ற தலைப்பில், குணமே என்று முழங்கிவிட்டு எதிரணித் தலைவர் அமர்ந்திருக்கிறார். அவர் வாசித்த குற்றப் பட்டியலைக் கேட்டபோது, என் முன்னால் இருக்கும் தண்ணீர்க் குவளையைக்கூட அந்தப் பையன் எப்போது வந்து கவிழ்ப்பானோ என்று அச்சம் வந்துவிட்டது. அந்தப் பட்டியலில் ஒன்றையும் நான் மறுக்கப் போவதில்லை. அத்தனையும் அவன் செய்தவைதாம். ஆனால் செய்தவன் யார் என்பது ஒரு கேள்வி, அப்படிச் செய்பவனாக அவனை ஆக்கியது எது என்பது இன்னொரு கேள்வி. நடுவர் அவர்கள் நம்மிடம் கேட்டிருப்பது இரண்டாவது கேள்வியை. அதற்கு எங்கள் அணியின் விடை, குடும்பம் என்பதே. குடும்பம் என்று நான் சொல்வது வறுமையையோ அடி உதையையோ அன்று. ஒரு பிள்ளைக்கு நேர்ந்தது என்ன என்று அந்தப் பிள்ளையையே உட்கார வைத்துக் கேட்க ஒருவரும் இல்லாத வீட்டைச் சொல்கிறேன்.

இந்தத் தொடரைப் பார்க்காதவர்களுக்காகச் சில சொற்கள். டோனி வாரன் உருவாக்கி, கிரனாடா நிறுவனம் தயாரித்து, 1960 டிசம்பர் 9 அன்று தொடங்கிய 'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' இன்றுவரை பிரிட்டனின் ஐடிவி தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டிருக்கிறது. சால்ஃபோர்டை மனத்தில் வைத்து எழுதப்பட்ட வெதர்ஃபீல்டு என்ற கற்பனை ஊரில், ஒரு மதுக்கடையும் ஒரு வரிசைச் செங்கல் வீடுகளும் கொண்ட சிறிய தெரு அது. அதில் எட்டாம் எண் வீடு பிளாட் குடும்பத்தினுடையது. கெயிலுக்கும் மார்ட்டினுக்கும் 1990-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் நாளன்று கதையில் பிறந்த பிள்ளைதான் டேவிட். 2000-இலிருந்து அந்த வேடத்தை ஏற்று நடிப்பவர் ஜேக் பி. ஷெப்பர்ட்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். நீதிமன்றக் கூண்டில் நிற்பவன் எப்படி வளர்ந்தான் என்பதை நீதிபதி கண்ணால் பார்த்ததில்லை. பிறர் சொல்லித்தான் அறிகிறார். டேவிட் பிளாட்டின் வழக்கில் அப்படி இல்லை. அவன் தொட்டிலையும் பார்த்தோம், அவன் பள்ளிச் சீருடையையும் பார்த்தோம், அவனை யார் எந்த அறையில் தனியாக விட்டுப் போனார்கள் என்பதையும் பார்த்தோம். "விளையும் பயிர் முளையிலே தெரியும்" என்று எதிரணித் தலைவர் பழமொழி சொன்னார். நல்லது. முளையில் என்ன தெரிந்தது என்று அவர் சொல்லியிருக்க வேண்டும் அல்லவா? அவர் பட்டியலில் உள்ள குற்றங்கள் எல்லாம் அவனுடைய பன்னிரண்டாம் வயதுக்குப் பின்னால் நடந்தவை. பயிரைக் காட்டினார், முளையைக் காட்டாமலே அமர்ந்துவிட்டார்.

நான் காட்டுகிறேன். 2000-ஆம் ஆண்டில் அக்காள் சாரா பதின்மூன்று வயதில் தாயாகிறாள். வீடு முழுவதும் அந்தக் குழந்தையைச் சுற்றிச் சுழல்கிறது. அதையடுத்துத் தாயும் தந்தையும் பிரிகிறார்கள். அந்த இடத்தில் வந்து அமர்கிறான் ரிச்சர்ட் ஹில்மன் என்ற நிதி ஆலோசகன். தேய்த்த சட்டை, இனிய பேச்சு, கையில் பெட்டி. அவன் கொலைகாரன் என்பது கெயிலுக்குத் தெரிய வந்த 2003 பிப்ரவரி அத்தியாயத்தை ஏறத்தாழ 1.9 கோடிப் பேர் பார்த்தார்கள். அடுத்த மாதம் அந்த மனிதன், கெயிலையும் சாராவையும் டேவிட்டையும் மூன்று வயது நிரம்பாத சாராவின் குழந்தை பெத்தனியையும் காரில் அடைத்து, காரோடு கால்வாய்க்குள் பாய்கிறான். மற்றவர்கள் பிழைத்தார்கள், ஹில்மன் இறந்தான். டேவிட்டுக்கு அப்போது வயது பன்னிரண்டு.

நடுவர் அவர்களே, பன்னிரண்டு வயதுப் பையன். அப்பா என்ற இடத்தில் இருந்தவனே தன்னைக் கொல்லப் பார்த்ததை நீருக்கு அடியிலிருந்து கண்டவன். அதன் பிறகு அந்த வீட்டில் கால்வாயைப் பற்றிய பேச்சு எழுந்தபோதெல்லாம் அது கெயிலின் துயரமாகவே பேசப்பட்டது. அதில் பொய் இல்லை. கெயில் பட்டது கொஞ்சமன்று. (அவர் மணந்தவர்களில் நால்வர் கதைக்குள்ளேயே இறந்து போயிருக்கிறார்கள், அந்த அம்மையாரின் திருமண அழைப்பிதழ் வந்தால் மாப்பிள்ளை வீட்டார்தாம் அழ வேண்டும்.) ஆனால் அந்தக் காரிலிருந்து பிழைத்தது நால்வர். தாய்க்கு ஊர் இரங்கியது. சாராவுக்குக் குழந்தை என்ற பற்றுக்கோடு இருந்தது. பையனுக்கு என்ன இருந்தது? பையன்தானே, மறந்துவிடுவான் என்ற நம்பிக்கை இருந்தது. அந்த நம்பிக்கை பெரியவர்களுக்கு வசதியாக இருந்தது என்பதற்கு மேல் நான் ஒன்றும் சொல்லவில்லை. 2005-இல் தந்தை மார்ட்டினும் தெருவை விட்டுப் போய்விட்டார்.

இப்போது எதிரணியின் பட்டியலுக்கு வருகிறேன். 2006-இல் டேவிட், இறந்துபோன ஹில்மன் அனுப்பியது போலத் தன் தாய்க்கு வாழ்த்து அட்டைகள் அனுப்பினான். "பெற்றவளை இப்படி வதைப்பவன் பிறவிக் கொடியவன்" என்றார் எதிரணித் தலைவர். வதைத்தான், உண்மை. ஆனால் அம்மாவைத் துன்புறுத்த ஆயிரம் வழி இருக்க, அந்தச் செத்தவனின் பெயரை ஏன் எடுத்தான்? மறுஆண்டு, சாராவின் திருமண நாளன்று காரை எடுத்துப் போய்க் கால்வாய்க்குள் விட்டான். ஒரு திருமணத்தைக் கெடுக்க நினைப்பவனுக்குப் பந்தலுக்குத் தீ வைப்பது முதல் மாப்பிள்ளையை அடிப்பது வரை எத்தனையோ வழிகள் உண்டு. இவன் காரையும் தண்ணீரையும் தேர்ந்தான். அந்த வீடு பேச மறந்த ஒரே விஷயத்தை அவன் திரும்பத் திரும்ப நடுக்கூடத்தில் கொண்டுவந்து போட்டான். சொற்களால் சொல்லத் தெரியாத பிள்ளை செயலால் சொன்னான். அந்தச் செயல் அருவருப்பாக இருந்ததால், சொன்னது என்ன என்று யாரும் பார்க்கவில்லை.

எதிரணிச் சகோதரி மிகக் கூர்மையான கேள்வி ஒன்று கேட்டார்: அதே வீட்டில்தானே சாராவும் வளர்ந்தாள், நிக்கும் வளர்ந்தான், அவர்கள் இப்படி ஆகவில்லையே? அண்ணன் நிக் அந்தக் காரில் இல்லை. ஆகவே அவனை விட்டுவிடலாம். சாரா இருந்தாள். சகோதரி அவர்களே, மிலானில் ஒரு வேலை கிடைக்க இருந்தபோது, அது தம்பிக்குப் போய்விடக் கூடாது என்பதற்காக, சலூனில் அவனுடைய மேசை இழுப்பறைக்குள் போதை மாத்திரைகளை ஒளித்துவைத்து அவனைச் சிக்க வைத்தவர் யார்? சாராதான். 2007-இன் இறுதியில் மிலானுக்குப் போனவளும் அவளே. அதே ஆண்டில் டேவிட் பொம்மைக்குள் ஒளித்த மாத்திரையைக் குழந்தை பெத்தனி விழுங்கியதை நீங்கள் சுட்டிக் காட்டினீர்கள், நியாயம். ஆனால் ஒளித்து வைப்பதும், ஏமாற்றுவதும், நேருக்கு நேர் கேட்காமல் பின்னால் சூழ்வதும் அந்த வீட்டில் ஒருவனுடைய குணமாக இல்லை. எல்லோருக்கும் பொதுவான பழக்கமாக இருந்தது. நீங்கள் அழைத்துவந்த சாட்சி எங்கள் அணிக்குச் சாட்சி சொல்லிவிட்டுப் போகிறாள்.

அடுத்து மாடிப்படி. 2008-இல் டேவிட் தன் தாயைப் படியிலிருந்து தள்ளிவிட்டான். இதை நியாயப்படுத்தி நான் ஒரு சொல் பேசினாலும் நடுவர் அவர்கள் மணியடித்து என்னை இறக்கிவிடலாம். அந்தக் கை தள்ளியிருக்கக் கூடாது. ஆனால் தள்ளுவதற்கு முன் நடந்ததை எதிரணி ஏன் விழுங்கிவிட்டது? அவன் காதலி டினா கருவுற்றிருந்தாள். கருவைக் கலைக்க அவள் எடுத்த முடிவு அவளுடையது; அதில் எனக்குக் கருத்தில்லை. அவனுக்குத் தெரியாமல் அதற்கு உடன் நின்று, அவன் முகத்தைப் பார்த்து ஒன்றும் நடக்காதது போல அதே கூரையின் கீழ் இருந்தவர் அவன் தாய். அவனைப் பற்றிய செய்தி அவனுக்குக் கடைசியாகத் தெரிந்தது. உண்மை வெளிப்பட்டபின் அவன் தெருவில் இறங்கிச் சன்னல் சன்னலாக உடைத்தான். இளங்குற்றவாளிகளுக்கான சிறைக்கு அனுப்பப்பட்டான். அவனைத் திருத்த ஆள் வந்தது, காவல்துறையின் வடிவில்.

"சிறுவனுக்கு வீட்டைச் சொல்லுங்கள், வளர்ந்த ஆணுக்கும் வீட்டையே சொல்வீர்களா?" என்ற கேள்வி வரும் என்று தெரியும். எதிரணியின் வலுவான இடம் இதுதான், ஒப்புக்கொள்கிறேன். 2011-இல் டேவிட் கைலியை மணந்தான். அவளும் நொந்து வளர்ந்தவள். அவளிடம் அவனால் பேச முடிந்தது. அவளுடைய மகன் மேக்ஸைத் தன் மகனாகவே வளர்த்தான். ஆனால் அந்தக் கைலியே அண்ணன் நிக்கோடு ஓர் இரவு தவறியது தெரிந்ததும், அவளைக் கேட்டானா? இல்லை. தெரிந்ததை வாய்க்குள்ளேயே வைத்துக்கொண்டு நிக்கை மாதக்கணக்கில் மறைந்திருந்து தாக்கினான். 2013-இல் அது விபத்தில் போய் முடிந்து நிக்கின் மூளையில் காயம் பட்டது. மனத்தில் இருப்பதைக் கேட்டுத் தீர்த்துக்கொள்ளலாம் என்பதை எட்டாம் எண் வீடு அவனுக்குக் கற்றுத்தரவே இல்லை. 2016-இல் கிளேட்டன் என்ற இளைஞனின் கத்திக் குத்தில் கைலி இறந்தாள். டேவிட் துக்கத்தைச் சொல்லாமல், பழிவாங்கக் காரில் பெட்ரோலை ஏற்றினான். கிளேட்டனுக்கு ஒரு கீறலும் விழவில்லை. தீக்காயம் பட்டது அதில் எந்தத் தொடர்பும் இல்லாத அன்னா விண்டாஸுக்கு. இருபத்தைந்து வயதிலும் அவன் கற்றிருந்த மொழி அந்தப் பழைய மொழி ஒன்றுதான்.

குணம் இரத்தத்தில் வருவது என்று எதிரணியில் இருவர் சொன்னார்கள். அப்படியானால் மேக்ஸைப் பாருங்கள். டேவிட்டின் இரத்தம் ஒரு துளியும் அவனிடம் இல்லை. கெயிலின் இரத்தமும் இல்லை. அவன் பெற்றது அந்த வீட்டை மட்டும். அவன் 2022-23-இல் கிரிஃப் ரெனால்ட்ஸ் என்பவனின் இனவெறிக் கும்பலில் போய்ச் சேர்ந்து, தண்டனையும் பெற்றான். கிரிஃப் அவனை எப்படிப் பிடித்தான்? மிரட்டியா? இல்லை. அவன் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்டான், அவனுடைய காணொளித் திறமையைப் பாராட்டினான். வீட்டில் கிடைக்காத செவி வெளியே கிடைத்தது. இரத்தம் வேறு, வீடு ஒன்று, விளைவு ஒன்று. இதற்கு எதிரணியின் அடுத்த பேச்சாளர் விடை சொல்லட்டும், காத்திருக்கிறேன்.

முடிக்கும் முன் 2018-க்கு ஒருமுறை போய்வர வேண்டும். அந்த ஆண்டு மார்ச் மாதத்தில், நண்பனாகப் பழகிய ஜோஷ் டக்கர் டேவிட்டுக்கு மயக்கமருந்து கொடுத்துப் பாலியல் வன்கொடுமை செய்தான். ஆணுக்கு நேரும் இந்தக் கொடுமையைத் திரையில் சரியாகச் சொல்ல வேண்டும் என்பதற்காக, தொடரின் குழுவினர் மான்செஸ்டரில் இத்தகையோருக்குத் துணை நிற்கும், அப்போது 'சர்வைவர்ஸ் மான்செஸ்டர்' என்ற பெயர் கொண்டிருந்த அமைப்பின் ஆலோசனையைப் பெற்று எழுதினார்கள். டேவிட் யாரிடமும் சொல்லவில்லை. வாரங்கள் கடந்தன. அவன் முகம் இருண்டது, பிள்ளைகள் மேல் எரிந்து விழுந்தான், நன்கொடைக்காக நடந்த குத்துச்சண்டையில் எதிரே நின்ற கேரி விண்டாஸை வெறிபிடித்தவனைப் போல அடித்தான். தெரு என்ன சொன்னது? டேவிட் அப்படித்தான், எப்போதும் அப்படித்தான் என்றது. அவனுக்குள் ஏதோ உடைந்திருக்கிறது என்று ஐயுற வேண்டிய இடத்தில், அவனுடைய கெட்ட பெயர் வந்து எல்லோருடைய காதையும் அடைத்துவிட்டது. குணம் என்று எதிரணி இன்று இந்த மேடையில் சொல்கிற அந்தச் சொல்லைத்தான் அன்று அந்தத் தெருவும் சொல்லியது, நடுவர் அவர்களே.

கடைசியில் அவன் வாய் திறந்தான். பெற்ற தாயிடம் அன்று. அன்போடு வளர்த்த பாட்டி ஆட்ரியிடமும் அன்று. அவன் மனைவியைக் குத்திக் கொன்ற கிளேட்டனைப் பெற்றவள், ஷோனா; அவளிடம்தான் முதலில் சொன்னான். சொல்லும்போது அவனுக்கு வயது இருபத்தேழு. அந்தத் தெருவில் அவனைக் கேட்பதற்கு முதன்முதலாக அகப்பட்டவள், அவன் வெறுப்பதற்கு எல்லாக் காரணமும் உள்ள ஒருத்தி. எட்டாம் எண் வீட்டின் கதவிலிருந்து அவள் வரைக்கும் உள்ள தொலைவை அளந்துவிட்டுத் தீர்ப்புச் சொல்லுமாறு நடுவர் அவர்களை வேண்டி அமர்கிறேன். வணக்கம்.