முதுகு காட்டி ஜெயித்தவர்

நடுவர் அவர்களே, எதிரே கம்பீரமாக உட்கார்ந்திருக்கும் 'முகமே' அணி நண்பர்களே, சபையில் கூடியிருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம்.

ஒரு நடிகனுக்கு முதல் முதலீடு முகமா, குரலா? இதுதான் இன்றைய தலைப்பு. பொத்தாம்பொதுவாகப் பேசி யாரும் நழுவிவிடக் கூடாது என்று நடுவர் ஒரே ஒரு நடிகரைக் கையில் கொடுத்துவிட்டார். ஸ்காட்லாந்துக்காரர் பிரையன் காக்ஸ். மேடை, திரை, வானொலி, விளம்பரம், வீடியோ கேம் என்று அறுபது ஆண்டுகளாக ஒரு இடம் விடாமல் புகுந்து வந்தவர். நான் குரல் பக்கம் நிற்கிறேன்.

எனக்கு முன்னால் பேசிய அண்ணன், "கேமரா பக்கத்தில் வந்துவிட்டால் எல்லாம் முகம்தான், குரல் சும்மா துணைக்கு" என்றார். அவர் பேசும்போது நடுவில் அரை நிமிடம் மைக் செத்துப்போனதே, கவனித்தீர்களா? அண்ணனின் முகம் எங்கேயும் போகவில்லை. அதே முகம், அதே மீசை, அதே விளக்கு வெளிச்சம். ஆனால் கடைசி வரிசைக்காரர்கள் என்ன கத்தினார்கள்? "கேட்கலை, கேட்கலை!" ஒருவராவது "தெரியலை" என்று கத்தினாரா? உட்கார்ந்துவிடலாம் என்றுதான் பார்த்தேன். நேரம் கொடுத்திருக்கிறீர்கள், பேசிவிட்டே போகிறேன்.

1946-இல் டண்டீ நகரத்தில் பிறந்தவர் காக்ஸ். வங்காளத்திலிருந்து கப்பலில் வந்த சணலை நூற்று, நெய்து பிழைத்த ஊர் அது. அவருடைய அம்மாவும் சணல் ஆலையில் நூற்றவர். அந்த ஆலைகளில் இருந்த இரைச்சலில் பக்கத்தில் நிற்பவர் பேசுவதுகூடக் காதில் விழாது. உதட்டசைவைப் பார்த்தும் கைச்சாடை காட்டியும்தான் பெண்கள் பேசிக்கொள்வார்கள். "ஆகா, அங்கே முகம்தானே வேலை செய்தது!" என்று எதிரணி அம்மா குறித்துக்கொள்வது தெரிகிறது. தாராளமாகக் குறித்துக்கொள்ளுங்கள் அம்மா. நாளெல்லாம் காது அடைத்துப்போய் வீடு திரும்பும் சனங்களுக்கு ராத்திரி என்ன வேண்டியிருந்தது? பாட்டும் பேச்சும். ஆண்டு முடிகிற இரவில் வீட்டில் கூட்டம் சேரும். தூங்கிக்கொண்டிருக்கும் மூன்று வயதுப் பிள்ளையை அப்பா எழுப்பிக் கொண்டுவந்து நிறுத்துவார். பிள்ளை அமெரிக்கப் பாடகர் ஆல் ஜோல்சன் பாட்டை எடுத்துவிடும். தன் முதல் மேடை அதுதான் என்கிற தொனியில் காக்ஸே இதைப் பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அந்த முதல் மேடையில் அவர் கொடுத்தது நவரசம் இல்லை ஐயா, பாட்டு.

எட்டு வயதில் அப்பா இறந்துபோனார். அம்மாவுக்கு மனநலம் குலைந்தது. அக்காமார்கள் வளர்த்தார்கள். பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு, மீசை முளைக்காத வயதில் டண்டீ ரெப் நாடக அரங்கில் தரை துடைப்பது முதல் எல்லா எடுபிடி வேலைக்கும் சேர்ந்தார். அப்புறம் லண்டனில் லாம்டா என்கிற நாடகப் பள்ளி, 1965-இல் எடின்பரோவின் ராயல் லைசியம் குழு.

அவர் நடிகராக நினைத்த காலத்தில் பிரிட்டிஷ் மேடையில் நாயகனாக நிற்க ஒரு மெருகேற்றிய உச்சரிப்பு வேண்டும். அது ஆலைத் தெருக்களில் கிடைக்கிற சரக்கு அல்ல. 1960-இல் ஆல்பர்ட் ஃபின்னி ஒரு படத்தில் நாட்டிங்காம் தொழிற்சாலை ஆளாக வந்தார். அந்தப் படம்தான் தனக்குக் கதவைத் திறந்தது என்று காக்ஸ் சொல்லியிருக்கிறார். எதிரணி சொல்லும், "பாருங்கள், சினிமா! முகம்!" ஐயா, அழகான முகங்களை அதற்கு முன்னாலும் திரையில் எத்தனையோ பார்த்திருப்பார். ஒரு தொழிலாளி நாயகன் வாயைத் திறந்து தொழிலாளியாகவே பேசியதுதான் புதுசு.

இப்போது மேடை. 1987, இங்கிலாந்தின் ஸ்ட்ராட்ஃபோர்டில் ஸ்வான் அரங்கம். டெபோரா வார்னர் இயக்கத்தில் ஷேக்ஸ்பியரின் 'டைட்டஸ் ஆன்ட்ரோனிகஸ்'. அந்த அரங்கின் அமைப்பைக் கொஞ்சம் யோசியுங்கள். மேடை நடுவில் நீண்டு கிடக்கும், மூன்று பக்கமும் ஜனம். எந்தப் பக்கம் திரும்பினாலும் யாரோ சிலருக்கு நடிகனின் முதுகுதான் தெரியும். டைட்டஸின் மகளுக்கு நாக்கை அறுத்து, கைகளையும் வெட்டிவிடுகிறார்கள். மகன்களை மீட்கலாம் என்று நம்பி டைட்டஸ் தன் ஒரு கையை வெட்டிக் கொடுக்கிறான். திரும்பி வருவது மகன்களின் தலைகள். அந்த இடத்தில் அழ வேண்டியவன் சிரிக்கிறான். ஏன் சிரிக்கிறாய் என்று தம்பி கேட்டால், அழக் கண்ணீர் மிச்சமில்லை என்கிறான். முதுகுப் பக்கம் உட்கார்ந்தவனுக்கும் அந்தச் சிரிப்பு போய்ச் சேர வேண்டுமே! முகமா கொண்டுபோய்ச் சேர்க்கும்? அந்த வேடத்துக்கு அவருக்கு லண்டன் நாடக உலகின் பெரிய விருதான ஒலிவியர் விருது கிடைத்தது. மற்ற விருதுகளை எதிரணி ரேஷன் கடை பில் மாதிரி வரிசையாகப் படித்துவிட்டது. நான் திரும்பப் படிக்கப் போவதில்லை.

முதுகு என்றதும் என் அணியின் துருப்புச் சீட்டுக்கு வந்துவிட்டேன். 1986-இல் வந்த 'மேன்ஹன்டர்' படம். மனிதக் கறி தின்னும் மருத்துவர் ஹானிபல் திரையில் முதலில் வந்தது அதில்தான். ஆன்டனி ஹாப்கின்ஸ் அந்த வேடத்தில் உலகப்புகழ் பெற்றதெல்லாம் 1991-இல். முதல் ஹானிபல் நம்ம காக்ஸ். அந்த வேடத்துக்கு ஆள் எடுத்தவர்கள் அவரிடம் என்ன கேட்டார்கள் தெரியுமா? திரும்பி நில்லுங்கள், முதுகைக் காட்டிக்கொண்டு பேசுங்கள் என்றார்கள். குரலை மட்டும் கேட்க வேண்டும் என்றார்கள்! நம் ஊர்ப் பேச்சில் புறமுதுகு காட்டினவன் தோற்றவன். இந்த மனுஷன் முதுகைக் காட்டித்தான் ஜெயித்தார்.

ஏன் அப்படிக் கேட்டார்கள் என்பது படத்தைப் பார்த்தால் புரியும். வெள்ளைவெளேர் என்ற சிறை அறை. அதற்குள் படுத்திருக்கும் ஒருவன். பயமுறுத்த உருட்டி விழிக்கவில்லை, பல்லைக் கடிக்கவில்லை. போனை எடுத்து, மறுமுனையில் இருக்கும் ஒரு பெண்ணிடம் மரியாதையாக, சாவகாசமாகப் பேசுகிறான். தன்னைப் பிடித்துக் கொடுத்த அதிகாரியின் வீட்டு முகவரி கைக்கு வந்துவிடுகிறது. அந்தப் பெண்ணுக்கு அவன் முகம் தெரிந்திருந்தால் கொடுத்திருப்பாளா? படம் முழுக்க அவன் வருவது சில நிமிடங்கள்தான். அந்தச் சில நிமிடங்களைத்தான் இன்றுவரை பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

சரி, வில்லன் என்றால் குரல் போதும், பாசத்துக்கு முகம் வேண்டாமா என்று அண்ணன் கேட்டார். நியாயமான கேள்வி. அதற்கு ஸ்பைக் லீ 2002-இல் எடுத்த 'ட்வென்டி ஃபிஃப்த் அவர்' படத்தைக் கூப்பிடுகிறேன். போதைப்பொருள் விற்று மாட்டிய மகன், ஏழு வருஷச் சிறைக்குப் போகிற காலை. காரை ஓட்டிக்கொண்டு போகிறவர் அப்பா. அந்த அப்பா காக்ஸ். வழியில் அப்பா, நீ சரி என்று சொல், வண்டியைத் திருப்பிவிடுகிறேன் என்கிறார். மேற்கே போய்விடலாம். பாலைவனத்தில் ஒரு சின்ன ஊரில் இறங்கிக்கொள். பெயரை மாற்றிக்கொள். ஒரு வேலை தேடு. என்னை இனிமேல் பார்க்க வராதே. சில வருஷம் கழித்து உன் காதலியை வரவழைத்துக்கொள், பிள்ளைகள் பெற்றுக்கொள், கிழவனான பிறகு அவர்களை உட்காரவைத்து உண்மையைச் சொல்.

இத்தனையும் அவர் குரலில் ஓடுகிறது. திரையில் பெரும்பாலும் அவர் முகம் கிடையாது. நடக்காத ஒரு வாழ்க்கை, வருஷம் வருஷமாக, நம் கண்முன்னே நடக்கிறது. அந்தக் குரல் கெஞ்சாது, தழுதழுக்காது. ஊருக்குப் போகிற பிள்ளைக்கு எந்த பஸ், எங்கே இறங்க வேண்டும் என்று சொல்கிற அப்பாவின் குரல் மாதிரி நிதானமாகப் போகும். கடைசியில் பார்த்தால் கார் நேராகத்தான் போய்க்கொண்டிருக்கிறது, சிறையைப் பார்த்து. நான் அந்தப் படத்தை முதல் தடவை பார்த்துவிட்டு என் அப்பாவுக்குப் போன் போட்டேன். அவர் "என்னடா இந்த நேரத்துல?" என்றார். சொல்ல ஒன்றும் இல்லாமல் வைத்துவிட்டேன்.

முகமே இல்லாத இடங்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், மணியைப் பார்க்கிறார் நடுவர். பிபிசி வானொலியில் 1999 முதல் 2016 வரை 'மெக்லெவி' என்ற தொடர். விக்டோரியா காலத்து எடின்பரோவின் போலீஸ்காரராக காக்ஸ். 'மேன்ஹன்ட்' என்ற வீடியோ கேமில், விளையாடுகிறவனின் காதுக்குள் இருந்துகொண்டு கொலை செய்யத் தூண்டுகிற ஆள் அவர்தான். 'கில்ஜோன்' கேமில் சர்வாதிகாரி. 2024-இல் வந்த 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' வரிசை அனிமேஷன் படமான 'த வார் ஆஃப் த ரோஹிரிம்'-இல் ஹெல்ம் ராஜா, முகத்தை வரைந்தது யாரோ, மூச்சுக் கொடுத்தது இவர். அமெரிக்காவில் மெக்டொனால்ட்ஸ் விளம்பரத்தில் பர்கர் விற்கிறதும் இதே குரல். அதை ஒரு சாதனையாகச் சொல்லவில்லை. முகம் காட்டாமல் இத்தனை இடத்தில் சம்பளம் வாங்க முடிகிறது என்கிறேன். குரலைக் காட்டாமல் முகத்தை மட்டும் வைத்து அவர் வாங்கிய சம்பளம் ஒன்றை எதிரணி காட்டட்டும்.

கடைசியாக, எதிரணி ரொம்பவும் நம்பியிருக்கிற 'சக்ஸஷன்' தொலைக்காட்சித் தொடர். 2018-இலிருந்து 2023 வரை. ஊடகச் சக்கரவர்த்தி லோகன் ராய். "அந்த முறைப்பு போதுமே!" என்றார் அண்ணன். அந்த முறைப்பு பெரிய முறைப்புதான், இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் லோகன் கனடாவின் கியூபெக்கில் பிறந்தவன் என்றுதான் காக்ஸிடம் முதலில் சொல்லியிருந்தார்கள். பிறகு எழுத்தாளர்களே மாற்றி, நடிகர் பிறந்த டண்டீயையே பாத்திரத்துக்கும் பிறந்த ஊராக்கிவிட்டார்கள். ஏன் மாற்றினார்கள் என்பதற்கு என் யூகம் ஒன்று உண்டு. ஒரு மாதம் உட்கார்ந்து அந்த ஆள் பேசுவதைக் கேட்டால் ஊர் தானாகத் தெரிந்துவிடும்.

நான்காவது சீசனின் மூன்றாவது எபிசோட். லோகன் விமானத்தில் சாகிறார். பிள்ளைகள் கல்யாணத்துக்காக ஒரு கப்பலில் இருக்கிறார்கள். விமானத்தில் இருக்கிற மருமகன் அப்பாவின் காதருகே போனைப் பிடிக்கிறான். பிள்ளைகள் ஒவ்வொருவராக, திட்டியும் மன்னித்தும் குழறியும் பேசுகிறார்கள். பதில் இல்லை. தொடரின் நாயகன் சாகிற நேரத்தில் அவர் முகத்தைச் சரியாகக் காட்டக்கூட இல்லை! நாலு சீசனாக அந்தப் பிள்ளைகளை ஆட்டிவைத்த குரல் வராதா என்று அவர்களும் காத்திருக்கிறார்கள், நாமும் காத்திருக்கிறோம். வரவில்லை. அந்தக் கதையில் ஆள் செத்துவிட்டார் என்று எனக்கு உறைத்தது அங்கேதான்.

மணி அடித்துவிட்டது. ஒரே ஒரு வேண்டுகோள், நடுவர் அவர்களே. அடுத்து முகம் அணியிலிருந்து பேச வருகிற அம்மா, தங்கள் கொள்கைப்படி, வாயைத் திறக்காமல் முகத்தை வைத்தே ஐந்து நிமிடம் வாதாடட்டும். நான் இதோ, சபைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்று பதில் சொல்லத் தயார்.