வாலுக்கு அடியில் ஒரு சிரை

வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

மாட்டுக்கு ரத்தம் எடுக்க வேண்டும் என்று சொன்னதும் வீட்டுக்காரர் கயிறு தேடி ஓடுவார். அந்த வீட்டு அம்மா மட்டும் பக்கத்தில் வந்து, "எடுத்தா பால் குறைஞ்சிடாதா டாக்டர்?" என்று கேட்பார். 400 கிலோ பசுவின் உடம்பில் 20 லிட்டருக்கு மேல் ரத்தம் ஓடுகிறது. நான் எடுப்பது 5 மில்லி, ஒரு தேக்கரண்டி. அன்று பால் குறைந்தால் மாடு மிரண்டதுதான் காரணம். மிரண்ட மாடு பாலை அடக்கிக்கொள்ளும்.

அதனால்தான் கறவை மாட்டில் நான் கழுத்துக்குப் போவதில்லை. கழுத்தோரப் பள்ளத்தை அழுத்தினால் சிரை என்ற ரத்தக் குழாய் கயிறு மாதிரிப் புடைக்கும், உண்மைதான். ஆனால் தலையை இழுத்துப் பிடிக்க இரண்டு ஆள் வேண்டும். வாலுக்கு ஓர் ஆள் போதும். வாலை நேராக மேலே தூக்கி, சாணத்தைத் துடைத்துவிட்டு, வாலடியிலிருந்து அரைச் சாண் தள்ளி அடிப்பக்கத்தை விரலால் தடவுங்கள். இரண்டு எலும்புகளுக்கு நடுவே ஒரு பள்ளம் தட்டுப்படும். ஊசி அங்கே செங்குத்தாக இறங்கும். எலும்பில் முட்டியதும் ஒரு நூல் பின்னால் இழுத்தால் ரத்தம் வந்துவிடும். மாடு அதுபாட்டுக்கு வைக்கோல் தின்றுகொண்டிருக்கும்.

அப்புறம் குழாய். ஊதா மூடிக் குழாயில் உறையாமல் தடுக்கும் மருந்து இருக்கும். மெல்லக் கவிழ்த்து நிமிர்த்தினால் கலந்துவிடும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் நான் இருமல் மருந்து பாட்டிலைக் குலுக்குவது போலக் குலுக்கினேன். சிவப்பணுக்கள் உடைந்து, எடுத்த ரத்தம் வீணானது. மறுபடியும் அதே தொழுவம், அதே அம்மாவின் முறைப்பு!

மனிதர்களிடமும் இந்தக் கதை உண்டு. "நரம்பு கிடைக்கலை, கையை மூடி மூடித் திறங்க" என்பார்கள். நாம் நரம்பு என்று சொல்வது சிரையைத்தான். அப்படித் திரும்பத் திரும்பக் கையை மூடித் திறந்தால் ரத்தத்தில் பொட்டாசியம் உண்மையில் இருப்பதைவிட ஏறிக் காட்டும். ஒருமுறை மூடி வைத்தாலே போதும். பச்சைக் குழந்தைக்குக் குதிகாலின் ஓரத்தில் குத்துவார்கள். நடுவில் எலும்பு தோலுக்கு மிக அருகே இருக்கிறது. கோழிக்கு இறக்கையின் உள்பக்கம், முயலுக்குக் காதோரம், நாய்க்கு முன்னங்கால்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். நன்றாக இருந்த மாடு திடீரென்று செத்து, மூக்கிலோ ஆசனவாயிலோ உறையாத ரத்தம் கசிந்தால் அது அடைப்பான் என்னும் ஆந்த்ராக்ஸ் நோயாக இருக்கலாம். அறுக்காதீர்கள், தோலை உரிக்காதீர்கள். உடலைத் திறந்தால் கிருமி காற்றுப் பட்டு வித்துகளாகி, மண்ணில் பல பத்தாண்டுகள் கிடக்கும். கால்நடை மருத்துவருக்குச் சொல்லி அனுப்புங்கள். அவர் கையுறை போட்டுக்கொண்டு காதுச் சிரையிலிருந்து ஒரு சொட்டு எடுத்துக் கண்ணாடித் தகட்டில் தடவிக்கொள்வார். அவர் வரும்வரை நாயும் காக்கையும் அண்டாமல் ஓர் ஆள் காவல் இருக்கட்டும்.