கிராங் சென்சர்: மாற்றுவதற்கு முதல் அளந்து பாருங்கள்

வணக்கம் நேயர்களே. திருகோணமலையில் அனுராதபுரச் சந்திப் பக்கம் கராஜ் வைத்திருக்கிறேன். பெற்றோல் கார்களும் சின்ன வான்களும்தான் என் வேலை. இன்றைக்கு ஒரேயொரு சாமானைப் பற்றிப் பேசப் போகிறேன். கிராங்ஷாஃப்ட் பொசிஷன் சென்சர், நாங்கள் கராஜில் கிராங் சென்சர் என்று சொல்வது. உள்ளங்கையில் மூடிக்கொள்ளலாம், அவ்வளவு சின்னது. ஆனால் ஓடிக்கொண்டிருக்கிற வாகனத்தைச் சொல்லாமல் கொள்ளாமல் நடுவீதியில் நிறுத்திவிடக்கூடியது. அதைவிட எனக்கு மனம் பொறுக்காத விஷயம், பழுது என்று கழற்றி எறியப்படுகிற கிராங் சென்சர்களில் ஒரு குறையும் இல்லாத நல்ல சென்சர்களும் இருக்கின்றன என்பது.

2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்றது, தனியார் வாகனங்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் மறுபடி கதவு திறந்தது. இடையில் நாங்கள் எல்லோரும் இருந்ததை வைத்துத்தான் ஓடினோம், இப்போதும் பலர் அதே வாகனத்தில்தான் ஓடுகிறார்கள். பதினைந்து இருபது வருடம் சூட்டில் கிடந்த சென்சர் ஒருநாள் சோர்ந்துபோவது இயற்கை. அதோடு எங்களுடையது கடலும் குடாவும் சூழ்ந்த ஊர். உப்புக் காற்று சென்சரில் வயர் பூட்டுகிற சொக்கெற்றுக்குள் புகுந்து என்ன செய்யும் என்று அப்புறம் சொல்கிறேன்.

முதலில் இது செய்கிற வேலை. எஞ்சினுக்குள் பிஸ்டன்கள் சுற்றுகிற பிரதான தண்டுதான் கிராங், அதோடு சேர்ந்து ஒரு பல்சக்கரம் சுற்றும். பல ஐரோப்பிய வாகனங்களில் அறுபது பல்லுக்கு இடம் வைத்து இரண்டை எடுத்துவிட்டிருப்பார்கள், அதாவது 58 பல். டொயோட்டாவில் பெரும்பாலும் 36க்கு இரண்டு குறைத்து 34. சென்சரின் நுனி அந்தப் பற்களுக்கு முன்னால் ஒரு மில்லிமீற்றர் அளவு இடைவெளியில் தொடாமல் நிற்கும். ஒவ்வொரு பல்லும் கடக்கும்போது ஒரு துடிப்பு. தவில்காரர் ஒரு அடியை விட்டுப் பிடித்தால் தாளம் எங்கே நிற்கிறது என்று கேட்கிறவருக்குத் தெரிகிற மாதிரி, பல் இல்லாத அந்த இடைவெளி வந்ததும் எஞ்சின் கொம்பியூட்டருக்குக் கிராங் எந்த இடத்தில் நிற்கிறது என்று விளங்கிவிடும். நிமிடத்துக்கு 3000 சுற்று என்றால் செக்கனுக்கு 50 சுற்று, 34 பல் என்றால் செக்கனுக்கு 1700 துடிப்பு. இந்தக் கணக்கை வைத்துத்தான் எந்த நேரம் நெருப்புப் பொறி, எந்த நேரம் பெற்றோல் என்று அது தீர்மானிக்கிறது. துடிப்பு வராவிட்டால் அதற்கு எஞ்சின் ஓடுகிறதா நிற்கிறதா என்பதே தெரியாது. பெரும்பாலும் இரண்டையும் நிறுத்திவிடும்.

இங்கேதான் பலரும் ஏமாறுகிறார்கள். வாகனத்தைக் கட்டி இழுத்துக்கொண்டு வருவார்கள், "அண்ணை, பெற்றோல் பம்ப் போயிட்டுது, மாத்தி விடுங்கோ" என்பார்கள். எப்படித் தெரியும் என்று கேட்டால், ஸ்டார்ட் அடிக்கும்போது பம்ப் ஓடவில்லை, வேறொரு இடத்தில் பார்த்துச் சொன்னார்கள் என்பார்கள். பார்த்தவர் பொய் சொல்லவில்லை, பம்ப் ஓடவில்லைதான். ஆனால் ஏன் ஓடவில்லை? பல வாகனங்களில் சாவியை ஓன் பண்ணியதும் பம்ப் இரண்டு செக்கன் மட்டும் ஓடி நின்றுவிடும், அதன் பிறகு கிராங் சென்சரின் துடிப்பு வந்தால்தான் கொம்பியூட்டர் அதை மறுபடி ஓட விடும். விபத்தில் எஞ்சின் நின்றுபோனால் பெற்றோல் பாய்ந்துகொண்டே இருக்கக் கூடாது என்பதற்கான ஏற்பாடு அது. ஆகவே சாவியை ஓன் பண்ணிப் பின்சீட்டுப் பக்கம் காதை வையுங்கள். அந்த இரண்டு செக்கன் இரைச்சல் கேட்டு, ஸ்டார்ட் அடிக்கும்போது மட்டும் கேட்கவில்லை என்றால், பம்பை விட்டுவிட்டுக் கிராங் சென்சரின் பக்கம் வாருங்கள்.

இன்னும் சில அடையாளங்கள். பம்ப் சோர்ந்தால் வாகனம் பெரும்பாலும் இழுத்து இழுத்து, திணறித்தான் நிற்கும். கிராங் சென்சர் போனால் சாவியைத் திருப்பி அணைத்தது போல ஒரே வெட்டு. நிற்கிற அந்தக் கணத்தில் டாஷ்போட்டைப் பார்க்க முடிந்தால் பாருங்கள், வண்டி இன்னும் உருண்டுகொண்டிருக்கும்போதே எஞ்சின் சுற்றைக் காட்டுகிற ஆர்பிஎம் முள் மட்டும் பொத்தென்று பூச்சியத்தில் விழும். சூடேறியதும் நிற்பது, அரைமணி நேரம் ஆறவிட்டால் ஒன்றுமே நடக்காத மாதிரி ஸ்டார்ட் ஆவது, இதுவும் இந்தச் சென்சரின் குணம். சுருள் வகைச் சென்சருக்குள்ளே தலைமயிர் மாதிரி மெல்லிய செப்புக்கம்பிச் சுருள் இருக்கிறது. அதில் நுண்ணிய வெடிப்பு இருந்தால் சூட்டில் விரிந்து தொடுப்பு அறும், ஆறினால் மறுபடி ஒட்டும். அதனால்தான் காலையில் கராஜுக்குக் கொண்டுவரும்போது ஒரு குறையும் காட்டாது, கச்சான் காற்று அனலாக வீசுகிற மத்தியானத்தில் கந்தளாய் ஏறும்போது காட்டும்.

கொம்பியூட்டரில் பதிந்த பழுதுக் கோட்டை வாசிக்கிற ஸ்கேனரைப் போட்டால் பி 0335 என்று வரலாம், அல்லது 0336இலிருந்து 0339 வரைக்கும் அதன் சகோதரங்களில் ஒன்று. இந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசியுங்கள் என்று என் தொழில் தம்பிமாரிடம் திரும்பத் திரும்பச் சொல்கிறேன். அந்தக் கோட் சென்சர் பழுது என்று சொல்லவில்லை, அந்தச் சேர்க்கிட்டில் எங்கேயோ சிக்கல் என்றுதான் சொல்கிறது. சேர்க்கிட் என்றால் சென்சர், சொக்கெற், வயர், கொம்பியூட்டர் எல்லாமே. பற்றரி சோர்ந்து எஞ்சின் மெதுவாகச் சுற்றினாலே இரண்டு வயர்ச் சென்சரின் துடிப்பு பலவீனமாகி இதே கோட் விழக்கூடும், ஏனென்றால் அந்த வகைச் சென்சர் சக்கரம் சுற்றுகிற வேகத்துக்கு ஏற்பத்தான் மின்னழுத்தம் உண்டாக்கும். அதனால் முதலில் பற்றரியைப் பாருங்கள். பி 0016 என்று வந்தால் அது வேறு கதை, கிராங்கும், வால்வுகளைத் திறந்து மூடுகிற கேம் தண்டும் ஒன்றுக்கொன்று பொருந்தவில்லை என்று அர்த்தம், இரண்டையும் இணைக்கிற டைமிங் செயின் நீண்டிருக்கலாம்.

ஸ்கேனரில் லைவ் டேட்டாவுக்குப் போய் ஆர்பிஎம் பார்த்துக்கொண்டே ஒருவரை ஸ்டார்ட் அடிக்கச் சொல்லுங்கள். நல்ல பற்றரியில் 150, 200, 250 என்று ஏதாவது ஒரு எண் வரவேண்டும். எஞ்சின் சுற்றுகிறது, திரையில் பூச்சியம் என்றால் துடிப்பு கொம்பியூட்டருக்குப் போய்ச் சேரவில்லை.

அப்புறம் சொக்கெற். இதைக் கழற்றிப் பார்க்காமல் யாரும் புதுச் சென்சர் வாங்கக் கூடாது என்பது என் கறாரான கருத்து. சொக்கெற்றைக் கழற்றி உள்ளே இருக்கிற பின்னை வெளிச்சத்தில் பிடியுங்கள். பித்தளை நிறத்தில் பளிச்சென்று இருக்கவேண்டிய பின்னில் பச்சையாகப் பூத்திருக்கும், சில நேரம் வெள்ளைப் பொடி மாதிரி. உப்பு செய்கிற வேலை அது. நிலாவெளி, உப்புவெளிப் பக்கம் கடற்கரையோரம் இரவுபகலாக நிற்கிற வாகனங்களில் இதைக் கட்டாயம் பாருங்கள். பிறகு சொக்கெற்றுக்குப் பின்னால் வயரை விரல் நுனியால் அழுத்திக்கொண்டே போங்கள். வெளித்தோல் முழுசாக இருக்கும், கிழிசல் எதுவும் தெரியாது, ஆனால் ஒரு இடத்தில் மட்டும் நூல் மாதிரித் துவண்டு மடியும், உள்ளே செம்பு கறுத்து அறுந்திருக்கும். அந்த இடத்தை வெட்டிச் சேர்த்து ஈயம் பற்றவைத்து மூடினால் பழைய சென்சரோடேயே வாகனம் ஓடும். இப்படி ஓடுகிற வாகனங்களை நான் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். சேர்க்கும்போது இரண்டு வயரையும் மாற்றிப் பூட்டிவிடாதீர்கள், துடிப்பு தலைகீழாகி எஞ்சின் குழம்பும். மேலே சுற்றியிருக்கிற கவச வலையையும் வெட்டி எறியாதீர்கள், ஸ்பார்க் கொயிலின் இரைச்சல் உள்ளே புகாமல் தடுக்கிறது அதுதான்.

வயரும் நல்லது, சொக்கெற்றும் நல்லது என்றால் சென்சரை அளக்கலாம். இரண்டு பின் இருந்தால் பெரும்பாலும் சுருள் வகை. மீற்றரை ஓமில் வைத்து இரண்டு பின்னுக்கும் இடையில் பாருங்கள், வாகனத்துக்கு வாகனம் சில நூறு ஓமிலிருந்து இரண்டாயிரத்துக்கு மேல் வரை இருக்கும், சரியான எண்ணை உங்கள் வாகனத்தின் சேவிஸ் புத்தகத்தில் எடுக்கவேண்டும். ஒன்றுமே காட்டாவிட்டால் சுருள் அறுந்துவிட்டது. ஒவ்வொரு பின்னுக்கும் வாகனத்தின் இரும்பு உடலுக்கும் இடையிலும் பாருங்கள், அங்கே தொடுப்பு இருக்கவே கூடாது. ஆறின நேரம் நல்ல எண் வந்தால் அதோடு விட்டுவிடாதீர்கள், மீற்றரைப் பூட்டியபடியே தலைமயிர் உலர்த்துகிற டிரையரால் சென்சரைச் சூடாக்குங்கள். எண் கொஞ்சம் கூடுவது சரி. திடீரென்று முடிவிலிக்குப் பாய்ந்தால் கள்ளன் அகப்பட்டுவிட்டான். கடைசியாக மீற்றரை ஏசி வோல்ட்டில் வைத்து ஸ்டார்ட் அடித்துப் பாருங்கள், சின்னதாக என்றாலும் வோல்ட் வரவேண்டும்.

மூன்று பின் என்றால் பெரும்பாலும் ஹோல் (Hall) வகை, சுருளுக்குப் பதிலாக உள்ளே மின்னணுச் சில்லு இருக்கிறது. அதில் ஓம் அளந்து ஒன்றும் விளங்காது. சொக்கெற்றைக் கழற்றி, சாவியை ஓன் பண்ணி, வயர்ப் பக்கத்தில் ஒரு பின்னில் 5 வோல்ட்டோ 12 வோல்ட்டோ வருகிறதா, இன்னொன்றில் நல்ல ஏர்த் இருக்கிறதா என்று பாருங்கள். 5 வோல்ட் வராவிட்டால் சென்சரைக் குறை சொல்லாதீர்கள், அதே 5 வோல்ட்டைப் பங்கு போடுகிற வேறொரு சென்சர் ஷோட் ஆகி இதையும் சேர்த்து இழுத்து விழுத்தியிருக்கலாம். இரண்டும் சரி என்றால் சொக்கெற்றைத் திரும்பப் பூட்டி, கொயிலினதும் இன்ஜெக்டரினதும் சொக்கெற்றுகளைக் கழற்றிவிட்டு, கிராங்கின் முனையில் பெல்ட் ஓடுகிற சக்கரத்தின், அதாவது புலியின் (pulley), போல்ட்டில் சொக்கெற் சாவி போட்டுக் கையால் எஞ்சினை மெதுவாகச் சுற்றுங்கள். சிக்னல் வயரில் வோல்ட் ஏறி இறங்கி ஏறி இறங்கி வரவேண்டும்.

மாற்றுகிற வேலையில் அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஒரே ஒரு போல்ட், பெரும்பாலும் 10ஆம் நம்பர். எஞ்சின் ஆறட்டும், பற்றரியின் நெகட்டிவைக் கழற்றுங்கள், கீழே போவதென்றால் ஜக்கை மட்டும் நம்பாமல் ஸ்டாண்ட் வையுங்கள். ஹைபிரிட் வாகனம் என்றால் செம்மஞ்சள் நிற வயர் எதையும் தொடவேண்டாம், உயர் மின்னழுத்தம், அது பழகினவர்களின் வேலை. சில வாகனங்களில் இந்தச் சென்சர் முன்பக்கம் புலிக்குக் கிட்ட இருக்கும், சிலதில் பின்னால் கியர்பொக்ஸ் பக்கம் ஒளிந்திருக்கும், கை நுழையவே கஷ்டம். கழற்ற முதல் சுற்றிவர மண்ணைத் துடையுங்கள், இல்லாவிட்டால் மணல் ஓட்டைக்குள் போகும். சென்சரைச் சுற்றியிருக்கிற ரப்பர் வளையம், அந்தப் பழைய ஓ ரிங், ஊதி இறுகியிருக்கும். ஸ்குரூடிரைவரால் நெம்பாமல் துரு இளக்கும் எண்ணெய் அடித்துக் கொஞ்சம் பொறுத்து, இடமும் வலமும் அசைத்து அசைத்து எடுங்கள். உடைந்து பாதி உள்ளே தங்கினால் பத்து நிமிட வேலை ஒரு நாள் வேலையாகிவிடும். வெளியே வந்ததும் நுனியைப் பாருங்கள். காந்தத்தில் இரும்புத் தூள் தாடி மாதிரி அப்பியிருந்தால் அதுவே துடிப்பைக் கெடுத்திருக்கலாம், துடைத்துப் பூட்டிச் சோதித்துவிட்டு மிச்சத்தை யோசிக்கலாம். ஆனால் அந்தத் தூள் எங்கிருந்து வந்தது என்று கட்டாயம் தேடுங்கள்.

புதுசைப் பழசுக்குப் பக்கத்தில் வைத்து நுனியின் நீளம், பின், போல்ட் ஓட்டை எல்லாம் ஒத்துப் பாருங்கள். ஒரு மில்லிமீற்றர் நீளம் கூடினால் பல்லில் உரசும், குறைந்தால் துடிப்பு வராது. வாங்கும்போது பழைய சென்சரில் அடித்திருக்கிற பார்ட் நம்பரைக் கொண்டுபோங்கள். கொழும்பில் பஞ்சிகாவத்தைக்குச் சொல்லிவிட்டால் கழற்றின சாமான் மலிவாக வரும், கதவோ லைட்டோ என்றால் நானும் வாங்குவேன். இதற்கு வேண்டாம். கழற்றின சென்சரும் அதே மாதிரி ஒரு எஞ்சினின் சூட்டில் அதே அளவு காலம் கிடந்ததுதான். 2022க்குப் பிறகு சாமான் விலை எவ்வளவு ஏறியிருக்கிறது என்று எனக்கும் தெரியும், ஆனாலும் இந்த ஒன்றில் காசைப் பார்க்காதீர்கள்.

ஓ ரிங்குக்கு எஞ்சின் ஒயில் ஒரு துளி பூசி, கையால் அமர்த்தி, போல்ட்டைக் கையாலேயே பிடித்துப் பிறகு அளவாக இறுக்குங்கள், 8, 10 நியூட்டன் மீற்றர் போதும். வயரைப் பழைய கிளிப்புகளிலேயே மாட்டுங்கள், சைலன்சர்க் குழாயிலோ பெல்ட்டிலோ படக்கூடாது. சில கம்பனிகளின் வாகனங்களில் மாற்றிய பிறகு ஸ்கேனரால் புதுச் சென்சரைப் பழக்கவும் வேண்டும்.

இது கட்டாயம் எல்லோருக்கும்: ஓடும்போது இப்படி நின்றால் சாவியை முழுக்கத் திருப்பி எடுக்காதீர்கள், ஸ்டேரிங் பூட்டிக்கொள்ளும். ஸ்டேரிங் கனக்கும், பயப்படாமல் பலமாகப் பிடியுங்கள். பிரேக்கில் மிச்சமிருக்கிற வெக்கும், அதாவது மிதியை இலகுவாக்குகிற உறிஞ்சுவிசை, ஓரிரண்டு மிதிக்குத்தான் காணும், ஆகவே விட்டுவிட்டு மிதிக்காமல் ஒரே மிதியாக மிதித்து இடப்பக்கம் ஓரம் கட்டி, ஹசாட் லைட்டைப் போடுங்கள். கந்தளாய்க்கும் ஹபரணைக்கும் இடையில் பொழுதுபட்டுவிட்டது என்றால் பொனட்டைத் திறந்து பார்க்க இறங்காதீர்கள், யானை நடமாடுகிற இடம். கண்ணாடியை ஏற்றிவிட்டு உள்ளே இருந்தபடியே ஆளுக்குப் போன் எடுங்கள். அரைமணி நேரத்துக்குப் பிறகு ஒருதரம் ஸ்டார்ட் அடித்துப் பாருங்கள். எடுபட்டால் வழியில் எங்கும் அணைக்காமல் நேரே ஊர் வந்து சேருங்கள்.

மாற்றிய பிறகு கராஜ் வாசலில் ஸ்டார்ட் பண்ணிக் காட்டினால் அதோடு காசு கொடுத்துவிட்டு வராதீர்கள். கோட்டை அழித்துவிட்டு, மத்தியான வெயிலில் ஏசியைப் போட்டு, தம்பலகாமம் வரைக்கும் ஓடிப்போய்த் திரும்பி, வந்து எஞ்சின் அணையாமல் நின்ற இடத்திலேயே ஒரு பதினைந்து நிமிடம் சூட்டில் விட்டு, பிறகு அணைத்து உடனேயே மறுபடி ஸ்டார்ட் அடிக்கச் சொல்லுங்கள். அதில் எடுபட்டு, ஸ்கேனரில் கோட் மறுபடி வராவிட்டால் கணக்கைத் தீர்க்கலாம். நன்றி, வணக்கம்.