சதுர மூலையை வரைந்தது வெல்டரா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ரிச்மண்ட் கப்பல் தளத்தின் சாதனைக்குக் காரணம் நிர்வாகத்தின் முறையா, தொழிலாளரின் உழைப்பா என்பது கேள்வி. உழைப்பே என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர் கணக்குச் சொன்னார். இரண்டாம் உலகப் போரில், கலிபோர்னியாவின் ரிச்மண்டில் தொழிலதிபர் ஹென்றி கைசரின் நான்கு தளங்களும் கட்டியவை 747 கப்பல்கள். 1942 நவம்பரில் ராபர்ட் இ. பியரி என்ற லிபர்ட்டி வகைச் சரக்குக் கப்பல், கட்டத் தொடங்கிய 4 நாள் 15 மணி 29 நிமிடத்தில் நீரில் இறங்கியது. எல்லாம் முறையின் வெற்றி என்றார்.

முறை பெரிதுதான் ஐயா. கப்பலைப் பகுதி பகுதியாகத் தனியே கட்டி, கிரேனில் தூக்கிச் சேர்த்தார்கள். பகுதியைக் கவிழ்த்துப் போட்டால் இணைப்பு வெல்டரின் கைக்குக் கீழே வரும்; உருகிய எஃகு தானே பள்ளத்தில் நிறையும். அண்ணாந்து பற்றவைத்தால் அது கீழே அவர்மீதே சொட்டும். புதியவர்கள் சீக்கிரம் தொழில் பழகியது இதனால்தான்.

ஆனால் கீழே கிடக்கும் இணைப்பும் தானாக ஒட்டாது! உருகி இணைப்பை நிரப்பும் உலோகக் குச்சியான ராடு, தகட்டைத் தொட்டால் ஒட்டிக்கொள்ளும். விலகினால் ஆர்க் என்ற மின்சுடர் அணைந்துவிடும். ஒரு வரிசை முடிந்ததும் மேலே படிந்த கசடைச் சுத்தியலால் கொத்தி, கம்பித் தூரிகையால் தேய்க்க வேண்டும். தேய்க்காமல் அடுத்த வரிசை போட்டால் கசடு உள்ளே புதையும். வெளியே பளபளப்பு, உள்ளே பலவீனம். அந்தப் பொறுமை எந்த வரைபடத்தில் இருந்தது? அதுவரை கப்பல் தளத்தையே பார்த்திராத பெண்களிடமும், தென் மாநிலங்களிலிருந்து வந்த கறுப்பினத் தொழிலாளரிடமும் இருந்தது.

"அந்தக் கைகளால்தான் கப்பல்கள் உடைந்தன" என்றார் அடுத்து வந்தவர். 1943 ஜனவரி 16 அன்று போர்ட்லாந்தில், கைசரின் இன்னொரு தளத்தில், அலையில்லாத நீரில் நின்றிருந்த ஸ்கெனெக்டடி என்ற எண்ணெய்க் கப்பல் இரண்டாகப் பிளந்தது உண்மை. மோசமான வெல்டிங்கும் இருந்தது, மறைக்க மாட்டேன். ஆனால் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் உலோகவியலாளர் கான்ஸ்டன்ஸ் டிப்பர் ஆராய்ந்து காட்டியது என்ன? அன்றைய எஃகு குளிரில் வளைந்துகொடுக்காமல் கண்ணாடிபோல் முறியும். லிபர்ட்டி கப்பலில் சரக்கு இறக்கும் திறப்பின் மூலைகள் சதுரம். விசை அங்கே குவியும், விரிசல் அங்கே பிறக்கும். தகடுகளை ரிவெட் என்ற ஆணிகளால் இணைத்த கப்பலில் அந்த விரிசல் தகட்டின் விளிம்போடு நிற்கக்கூடும். வெல்டிங் செய்த உடம்பில் விளிம்பு ஏது? ஓடிக்கொண்டே இருக்கும்.

எஃகைத் தேர்ந்தவர் வெல்டரா? மூலையை வரைந்தவர் வெல்டரா?

பிறகு மூலைகளை வளைவாக்கினார்கள். விரிசலை மறிக்க மேல்தளத்தில் எஃகுப் பட்டைகளை ரிவெட் அடித்து இறுக்கினார்கள். அதையும் மண்டியிட்டுச் செய்தவர்கள் தொழிலாளர்களே, நடுவர் அவர்களே. நன்றி, வணக்கம்.